தொப்பியும் தலைப்பாகையும் மசோதாவும்
(தியாகிகள் நாள் கருத்தரங்கில் ஆற்றப்பட்ட உரையின் சுருக்கம்)



பகத்சிங் என்றவுடன் தொப்பி அணிந்த அந்த இளைஞனின் படமே கண்முன் நிற்கிறது. அது தற்செயலாகக் கிடைத்த படம் அன்று. 1929 ஏப்ரலில், மத்திய சட்டமன்றத்தில் குண்டு வீசுவதற்குச் சில நாட்கள் முன்பு, டெல்லி காஷ்மீரி கேட் பகுதியில் இருந்த ஸ்டுடியோவில் திட்டமிட்டு எடுக்கப்பட்டது. கைதுக்குப் பின் பத்திரிகைகளில் வெளிவர வேண்டும் என்பதே நோக்கம். தங்கள் குரல் நாடெங்கும் எட்ட ஒரு முகம் தேவை என்பதை அந்த இயக்கம் அறிந்திருந்தது. புரட்சியாளர்களும் நாயகர்களை உருவாக்குகின்றனர்; இதில் வெட்கப்பட ஏதுமில்லை. அந்த முகத்தைக் கொண்டு எதைச் சொன்னார்கள் என்பதே கேள்வி.

ஏப்ரல் 8 அன்று அவையின் முன் இருந்தவை பொதுப் பாதுகாப்பு மசோதாவும் தொழில் தகராறு மசோதாவும். அதற்கு மூன்று வாரங்களுக்குள்தான், மார்ச் 20இல், மீரட் சதி வழக்கில் தொழிற்சங்கத் தலைவர்கள் நாடெங்கும் கைது செய்யப்பட்டிருந்தனர். அவையில் வீசப்பட்ட துண்டறிக்கை இவற்றையெல்லாம் வெளிப்படையாகக் கண்டித்தது. ஆளும் வர்க்கத்திற்குத் தூக்குக்கயிற்றைக் கொண்டாடுவதில் இடைஞ்சல் இல்லை. இடைஞ்சல் அந்தத் துண்டறிக்கையில்தான் இருக்கிறது. 2008இல் நாடாளுமன்ற வளாகத்தில் நிறுவப்பட்ட சிலையில் தொப்பி போய்த் தலைப்பாகை வந்தது. சிறையில் ‘நான் ஏன் நாத்திகன்?’ எழுதிய மனிதருக்குத்தான் இந்த அலங்காரம்! தமிழில் அந்நூலை மொழிபெயர்த்த ஜீவாவைக் கைது செய்த ஆங்கில அரசுக்கு அவரது கருத்தின் வலிமை நன்றாகவே தெரிந்திருந்தது.

அதே அவையில் பகத்சிங்கின் அருகில் நின்று குண்டு வீசியவர் படுகேஷ்வர் தத். வயது 18. அவரும் படம் எடுத்துக்கொண்டார்; அவரும் சிறையில் உண்ணாநோன்பு இருந்தார்; அந்தமானுக்கு அனுப்பப்பட்டார். ஆனால் தூக்கிலிடப்படவில்லை. உயிரோடு இருப்பவனை நாயகனாக்குவது சிரமம். அவன் பேசுவான், வேலை கேட்பான், நோயுறுவான். விடுதலை பெற்ற நாட்டில் பாட்னாவில் வறுமையோடு வாழ்ந்த தத், 1965 ஜூலையில் டெல்லி மருத்துவமனையில் இறந்தார். அவர் விருப்பப்படியே உடல் ஹுசைனிவாலாவில், பகத்சிங், ராஜகுரு, சுகதேவ் நினைவிடத்தருகே எரியூட்டப்பட்டது.

அவர்கள் எதிர்த்த தொழில் தகராறு மசோதா என்ன ஆனது? 1929ஆம் ஆண்டிலேயே சட்டமானது. பொதுப் பயன்பாட்டுத் துறைகளில் வேலைநிறுத்தத்திற்கு 14 நாட்கள் முன்னறிவிப்பு வேண்டும் என்றது. 2020இல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய தொழிலுறவுத் தொகுப்பு அதே 14 நாட்களைத் தொழில் நிறுவனங்கள் அனைத்திற்கும் விரித்தது. அந்த நாடாளுமன்றத்தின் வளாகத்தில்தான் தலைப்பாகை அணிந்த அந்தச் சிலை நிற்கிறது.