பீரோவில் இருந்த கடிதம்

(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரை)



"உன் தொழிலைப் பத்தி உபயோகமா பத்து நிமிஷம் பேசு, அறுக்காதே" என்பது செயலாளர் உத்தரவு. விடுதி நாளிலிருந்தே அவர் பேச்சை நான் மீறியதில்லை.

வீடோ மனையோ வாங்க நீங்கள் போடும் கிரய ஒப்பந்தத்தின் கடைசிப் பக்கத்தில், "தகராறு வந்தால் நடுவர் மூலம் தீர்த்துக்கொள்வது" என்று ஒரு ஷரத்து இருக்கலாம். ஆர்பிட்ரேஷன் என்கிறோமே, அதுதான். 'பத்திரம் பதிவு செய்து கொடு' என்று உத்தரவிட நடுவருக்கு அதிகாரம் உண்டா? உண்டு என்று 1999-இல் ஒலிம்பஸ் சூப்பர்ஸ்ட்ரக்சர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

என் வகுப்புத் தோழர் ஒருவர் சில வருஷங்களுக்கு முன் தன் நிலத்தை விற்க அட்வான்ஸ் வாங்கினார். வாங்க வந்தவரும் சிநேகிதர்தான். கிரயம் தள்ளிப்போனது, நிலத்தின் விலை ஏறியது, இவர் மனம் மாறியது. விவகாரம் நடுவரிடம் போயிற்று. "நடுவர் நமக்குத் தெரிஞ்ச பெரியவர்தானே, வக்கீல் எதுக்கு?" என்று இவர் தனியாகவே போனார். பாக்கித் தொகையை வாங்கிக்கொண்டு பத்திரம் பதிவு செய்யச் சொல்லி நடுவர் தீர்ப்பளித்தார்.

அதற்கப்புறம்தான் என்னிடம் வந்தார். "கோர்ட்டுக்குப் போனா உடைச்சிடலாம் இல்லடா?" என்று கேட்டார். தீர்ப்பு கைக்கு வந்து நூறு நாள் ஆகியிருந்தது. 1996-ஆம் வருஷச் சட்டத்தின் 34-ஆம் பிரிவில் மனுப்போட மூன்று மாதம்தான் அவகாசம். தகுந்த காரணம் காட்டினால் இன்னும் முப்பது நாள். அதற்கு மேல் ஒரு நாள்கூட நீதிமன்றம் தர முடியாது. ஓடிப்போய் மனுப்போட்டோம். தாமதத்தை மன்னித்தார்கள்.

அப்போதுதான் பீரோவிலிருந்து ஒரு கடிதத்தை எடுத்துக் கொடுத்தார். "பணம் புரளவில்லை, ஆறு மாதம் பொறுத்துக்கொள்" என்று வாங்குபவர் எழுதியது. கிரயத்தை முடிக்கப் பணத்தோடு தயாராக இருந்தேன் என்று வாங்குபவர் காட்ட வேண்டும். அந்த வாதத்தையே ஆட்டக்கூடிய கடிதம் அது!

"இதை ஏன்டா நடுவர்கிட்ட காட்டல?"

"சிநேகிதன் எழுதினதை நாலு பேர் முன்னாடி எப்படி நீட்டறது? கோர்ட்டுல பாத்துக்கலாம்னு இருந்தேன்."

அங்கேதான் தவறு நடந்தது. 34-ஆம் பிரிவு மனு அப்பீல் அல்ல. நோட்டீஸ் தரவில்லை, நடுவர் எல்லை மீறினார், மோசடி, தீர்ப்பின் முகத்திலேயே தெரியும் சட்டவிரோதம் என்று சில காரணங்களுக்காக மட்டுமே நீதிமன்றம் தீர்ப்பை ரத்து செய்யும். சாட்சியத்தை மறுபடி எடைபோடாது. 2019 திருத்தத்துக்குப் பின், அந்தக் காரணங்களையும் பெரும்பாலும் நடுவர் முன் இருந்த ஆவணங்களைக் கொண்டே நிரூபிக்க வேண்டும். நீதிபதி ஒரே கேள்விதான் கேட்டார்: "இது நடுவர் முன்னால் இருந்ததா?" என்னிடம் பதில் இல்லை. மனு தள்ளுபடியானது. 37-ஆம் பிரிவில் அப்பீல் உண்டு. அதுவும் இதே எல்லைக்குள்தான். நண்பர் பத்திரம் பதிவு செய்து கொடுத்தார். அவர் சம்மதத்தோடுதான் இதைச் சொல்கிறேன். "பேரை மட்டும் சொல்லாதே" என்றார்.

"மனுப்போட்டா தானா ஸ்டே ஆயிடும்" என்று இன்னும் சிலர் நம்புகிறார்கள். 2015 திருத்தத்தோடு அது போயிற்று. தடை வேண்டுமானால் தனியாக மனுப்போட வேண்டும்; பணம் கட்டச் சொல்லியும் உத்தரவு வரலாம். தீர்ப்பை நீதிமன்றம் திருத்தி எழுதலாமா? கூடாது என்று 2021-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. 2025 ஏப்ரலில் அரசியல் சாசன அமர்வு, குறிப்பிட்ட சில சூழல்களில் மட்டும் திருத்தலாம் என்றது. அதை நம்பி அசட்டையாக இருக்க வேண்டாம்.

நடுவர் அறையை ஒத்திகை மேடை என்று நினைக்காதீர்கள். பரீட்சையே அங்கேதான். கையிலிருக்கும் காகிதம் அத்தனையும் அங்கேயே வைத்துவிடுங்கள். தீர்ப்பு கிடைத்த தேதியைக் காலண்டரில் வட்டம் போடுங்கள். இன்றிரவு வீட்டுக்குப் போனதும் உங்கள் ஒப்பந்தத்தின் கடைசிப் பக்கத்தை ஒருமுறை படியுங்கள். தம்பி தங்கைகளே, வீடு வாங்கும் காலம் உங்களுக்கும் வரும். அன்று கையெழுத்துக்கு முன்னால் படியுங்கள்.