துணைவிதியும் துணையற்றோரும்



மரவள்ளியும் நிலக்கடலையும் விளையும் சேலம், நாமக்கல் சமவெளியிலே, இராசிபுரத்திலும் ஆத்தூரிலும், திருச்செங்கோட்டிலும் மோகனூரிலும், கூட்டுறவுச் சங்கம் இல்லாத வட்டாரம் உண்டோ? உழவனுக்கு உரம் அங்கே. அவன் மனைவியின் தோட்டுக்குக் கடன் அங்கே. குடும்ப அட்டைக்கு அரிசியும் அங்கே. அந்தச் சங்கத்திலே ஏடெழுதி, எடைபோட்டு, இருபதாண்டு தேய்ந்த எழுத்தர் ஒருவரை எண்ணிப் பாருங்கள்.

செயலாளர் பதவி காலியாகிறது. மூத்தவர் அவர். ஆனால் பின்னே வந்தவர் முன்னே அமர்கிறார். ஏனாம்? பின்னவருக்குக் கூட்டுறவுப் பட்டயப் பயிற்சி உண்டாம். "என்னை அனுப்பியிருந்தால் நானும் முடித்திருப்பேனே!" என்கிறார் எழுத்தர். நியாயமான பேச்சுதான். ஆயினும், மூப்பு ஒன்றே தகுதி என்று வாதிட நான் வரவில்லை. கணக்கறியாதவர் கையிலே ஊரார் பணத்தை ஒப்படைக்க எவர் இசைவார்? பின்னே வந்தவரும் நம் தோழரே! நான் கேட்பதெல்லாம், தகுதியும் மூப்பும் மோதினால் வெல்வது எது என்று எழுதிவைத்த ஏடு எங்கே? எழுதியபடி நடவாவிட்டால் தட்டவேண்டிய கதவு எது?

ஏடு இருக்கிறது. 1983ஆம் ஆண்டுத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டமும், அதன்கீழ் 1988இல் பிறந்த விதிகளும் உள்ளன. பணியாளருக்கெனத் தனித் துணைவிதி வகுத்திடுக, பதிவாளரின் முன் ஒப்புதல் பெற்றிடுக என்று பணிக்கிறது 149ஆவது விதி. பணியிடம் எத்தனை, தகுதி என்ன, நியமனம் எவ்வாறு, அத்தனையும் அத்துணைவிதியிலே இடம்பெற வேண்டும்.

அதை மீறினால்? உயர்நீதிமன்றம் நோக்கிப் புறப்படுகிறார் நம் எழுத்தர். வாயிற்காவலன் மறிக்கிறான்.

"நீர் அரசு ஊழியரோ?"

"இல்லை. ஆனால் என் பணிவிதிக்கு ஒப்புதல் தந்தவர் அரசின் பதிவாளர்."

"உம் சங்கம் அரசோ?"

"இல்லை. ஆனால் ஆண்டுக்கணக்கில் அதை ஆண்டவர் அரசு அமர்த்திய தனி அலுவலர்."

"துணைவிதி சட்டமோ?"

அங்கேதான் வாயடைத்துப் போகிறார்!

நாமக்கல் கூட்டுறவுத் துணைப்பதிவாளர் எதிர்வாதியாக நின்ற வழக்கிலே, 2006ஆம் ஆண்டு, சென்னை உயர்நீதிமன்ற நீதிபதிகள் ஐவர் கூடியமர்ந்து தந்த விடை இது: துணைவிதிக்குச் சட்டத்தின் வலிமை இல்லை, அரசின் அங்கமாகக் கருத இயலாத சங்கமானால், துணைவிதி தந்த பணியுரிமையை நீதிப்பேராணை கேட்டு நிலைநாட்ட முடியாது. சட்டம் விதித்த பொதுக்கடமை மீறப்பட்டால் கதவு திறக்கும். அப்போதும், சட்டத்திலே மாற்று வழி இருக்கையில் அதை முதலில் நாடுவதே பொதுநெறி. 153ஆவது பிரிவின்படி சீராய்வு என்பது அவ்வழி. சீராய்வு யாரிடம்? பதிவாளரிடம், அல்லது அரசிடம்! ஒப்புதல் தந்த துறையே ஒப்பாரியையும் கேட்குமாம்!

விந்தை கேளுங்கள். 1969இல் ஆந்திரத்து மத்திய கூட்டுறவு வங்கி ஊழியர் வழக்கிலும் உச்சநீதிமன்றம் இதையேதான் சொன்னது: துணைவிதி சட்டமன்று. எதற்காகச் சொன்னது? சட்டமன்று ஆகையால், தொழில் தீர்ப்பாயம் அதை மாற்றியமைத்து ஊழியருக்கு நலம் தரலாம் என்பதற்காக! அன்று கேடயமாக நின்ற சொல், 2006இல் மதிலாக எழுந்தது. தீர்ப்பாயத்தின் வழி அடைபடவில்லை. எழுத்தர் அங்கே போகலாம். செயலாளருக்கோ, நிர்வாகம் புரிபவர் தொழிலாளியல்லர் என்ற எதிர்வாதம் காத்திருக்கிறது.

இன்னொன்று. சங்கங்களில் 480 நாள் பணிபுரிந்தோரை நிலைப்படுத்த 2001இல் அரசாணை பிறந்தது. சட்டத்தை மீறிய நியமனத்தை நிலைப்படுத்தலாகாது என்று 2004இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதைக் குறைகூறேன். ஆனால், விதியை மீறி நுழைந்தவருக்கு விதி இரும்புக் கதவு. விதியை நம்பி உழைத்தவருக்கோ அதே விதி ஏட்டுச் சுரைக்காய்! ஆகவேதான், துணைவிதிக்குச் சட்ட வலிமை தருக, துறைக்கு வெளியே ஒரு தீர்ப்பாயம் அமைத்திடுக என்கிறோம்.

இதைப் படிக்கும் தோழனே! உன் ஊர்ச் சங்கத்திலே பணிமூப்புப் பட்டியல் உண்டா? கேட்டால் காட்ட மறுப்பார்கள். கணிசமான அரசு நிதி பெறாத சங்கத்தைத் தகவலறியும் உரிமைச் சட்டம் கட்டாது என்று 2013இல், கேரளக் கூட்டுறவு வங்கி வழக்கில், உச்சநீதிமன்றம் கூறியது மெய்தான். அதே தீர்ப்பு, பதிவாளரைச் சட்டம் கட்டும், சங்கத்திடம் சட்டப்படி அவர் பெறக்கூடிய தகவலைத் தந்தாக வேண்டும் என்றும் கூறிற்று. துணைவிதிக்கு ஒப்புதல் தந்தவர் அவரல்லவா? கட்டணம் 10 ரூபாய். துணைவிதியின் படியையும் பணிமூப்புப் பட்டியலையும் கேட்டு நாளையே எழுது.