இயற்பியல் பயில்வார்க்கு வேண்டும் கணிதம்

(சங்க ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)

 

ஆண்டு விழா மேடையில் குறளையும் சிலம்பையும் பற்றி உரைப்பதே நம் மரபு. யாமோ புகைவண்டித் துறையில் ஓர் எழுத்தர். (புகை போய் மின்சாரம் வந்து பல்லாண்டு ஆகியும் வாய் புகைவண்டி என்றே சொல்லுகிறது, பொறுத்தருள்க.) பள்ளியிறுதிக்கு மேல் ஒரு வகுப்பும் ஏறினோமில்லை. தந்தையார் மறைந்தார், வேலை வந்தது, புத்தகம் மூடிற்று. அத்தகைய யாம் கணிதம் பற்றிப் பேச எழுந்தமைக்குக் காரணம் எம் வீட்டிலே நிகழ்ந்த ஒரு நிகழ்ச்சியாகும்.

சென்ற ஆண்டு எம் மூத்த மகள் இயற்பியலைச் சிறப்புப் பாடமாகக் கொண்டு கல்லூரியிற் சேர்ந்தாள். ஆறு வாரங்கள்கூடக் கழியவில்லை. ஒரு நாளிரவு புத்தகங்களைக் கட்டிப் பரண்மேல் வைத்துவிட்டு, “அப்பா, எனக்கு இந்தப் பாடம் வேண்டாம். வேறு பாடத்திற்கு மாறிக்கொள்ளுகிறேன்” என்றாள். பள்ளியிற் கணிதத்தில் நல்ல மதிப்பெண் பெற்றவள் அவள். என்னம்மா காரணம் என்று வினவினோம். அலைவு இயக்கம் பற்றிய பாடத்தில் ஆசிரியர் வகைக்கெழுச் சமன்பாடு ஒன்றைப் பலகையில் எழுதி, ‘இதன் தீர்வு நீங்கள் அறிந்ததே’ என்று மேலே சென்றுவிட்டாராம். அச்சமன்பாடு கணித வகுப்பில் வருவதற்கு இன்னும் பல வாரங்கள் உள்ளனவாம்.

ஆசிரியரைக் குறை கூறுதற்கில்லை. இயற்பியல் முன்னே ஓடுகிறது. கணிதம் பின்னே நடந்து வருகிறது. எல்லாக் கல்லூரியிலும் உள்ள இடர்தான் இது. ஆனால் வேறொரு குறையை யாம் கண்டோம். நான்கு விடைகளுள் ஒன்றைக் குறிக்கும் நுழைவுத் தேர்வுக்கென இரண்டாண்டுகள் பயிற்சி பெற்ற பிள்ளை அவள். வாய்பாடு தெரியும், அது எங்கிருந்து வந்ததென்பது தெரியாது. குறுக்கு வழி தெரியும். நெடுவழி நடந்த கால் இல்லை. ஆயிரக்கணக்கில் கட்டணம் செலுத்தி அப்பயிற்சிக்கு அனுப்பியவர் யாமே ஆதலின், பழியில் பாதி எமக்கும் உண்டு.

அன்பர்களே! இத்தகைய இடரை மிகப் பெரியோரும் கண்டிருக்கின்றனர், அதுவும் இதே நகரில். நாம் நாள்தோறும் காய்கறி வாங்க நடக்கும் ராஷ்பிகாரி அவென்யூ, சர் ராஷ்பிகாரி கோஷின் பெயர் தாங்கியது. அவரும் சர் தாரகநாத் பாலித்தும் வாரி வழங்கிய பொருளால், அசுதோஷ் முகர்ஜியார் முயற்சியில், 1914-ஆம் ஆண்டு பல்கலைக்கழக அறிவியற் கல்லூரி தோன்றியது. அதன் தூய கணிதத் துறை இன்று நம் பாலிகஞ்ச் சர்க்குலர் சாலையில் இருக்கிறது. இயற்பியல் துறையோ ராஜாபஜாரில் இருக்கிறது. இரண்டுக்கும் இடையே நகரின் பாதி கிடக்கிறது. எம் மகளின் இடருக்கு இதனினும் பொருத்தமான வரைபடம் வேறு வேண்டுமோ?

அக்கல்லூரியில் ஆசிரியராய்ச் சேர்ந்த இளைஞர் இருவர் சத்யேந்திரநாத் போசும் மேகநாத் சாகாவும் ஆவர். 1915-இல் கலப்புக் கணித முதுகலைத் தேர்வில் போஸ் முதலிடமும் சாகா இரண்டாமிடமும் பெற்றனர். கணிதம் கற்ற அவ்விருவரும் இயற்பியலைக் கற்பிக்க வேண்டியவராயினர். போர்க்காலம், செருமானிய நூல்கள் கிடைப்பது அரிது. சிவபூர்ப் பொறியியற் கல்லூரியில் இருந்த புரூல் என்னும் செருமானியப் பேராசிரியரிடம் நூல்களை இரவல் பெற்றனர்; செருமானிய மொழியையும் கற்றனர்; தாம் கற்றதை மாணவர்க்குக் கற்பித்தனர். 1920-இல் ஐன்ஸ்டைனின் சார்பியற் கட்டுரைகளை அவர்கள் பெயர்த்த ஆங்கில நூலைக் கல்கத்தாப் பல்கலைக்கழகமே வெளியிட்டது. அதே ஆண்டில் சாகாவின் அயனியாக்கச் சமன்பாடு வந்தது. 1924-இல் போஸ், பிளாங்கின் விதியைப் புதிய வழியில் வருவித்து ஐன்ஸ்டைனுக்கு விடுத்தார். அதனை அவரே செருமானியத்தில் பெயர்த்து வெளியிட்டார்.

கணிதத்திலிருந்து இயற்பியலுக்கு அவர்கள் போந்தனர். நம் பிள்ளைகள் இயற்பியலிலிருந்து கணிதத்திற்குப் போகவேண்டியிருக்கிறது. திசை வேறாயினும், இருவராய் அமர்ந்து படித்த அவ்வழி எம் மனத்தில் தைத்தது. சீனிவாச இராமானுசனைச் சொல்லிப் பிள்ளைகளை மிரட்டும் வழக்கம் நம்மிடையே உண்டு. அவரும் தெய்வ வரத்தை மட்டும் நம்பிக் கிடந்தாரல்லர். லோனியின் முக்கோணவியலையும் காரின் தொகுப்பு நூலையும் வைத்துக்கொண்டு, பலகையில் எழுதி எழுதி அழித்தவர். துறைமுகத்தில் எழுத்தராய் இருந்தவர் என்பதனால் மட்டும் எமக்கு அவர்பால் ஒரு சிறு உறவுரிமை உண்டு!

ஆகவே மறுநாள் மாலை மகளோடு யாமும் அமர்ந்தோம். ஊரிலிருந்து எம் தமையனார் தமிழ்நாட்டரசின் பதினோராம், பன்னிரண்டாம் வகுப்புக் கணித நூல்களைத் தமிழில் அனுப்பியிருந்தார். அவள் ‘டெரிவேட்டிவ்’ என்பாள். யாம் ‘வகைக்கெழு’ என்போம். அச்சொல்லின் பொருளை விளக்க எம்மிடம் இருந்த கருவி ஒன்றே: கட்டுப்பாட்டு அறையில் கழித்துவிட்ட பழைய வரைபடத் தாள்.

பலர் அதனைக் கண்டிருக்கமாட்டீர்கள். கிடையாக நேரமும் செங்குத்தாக நிலையங்களும் குறிக்கப்பட்டிருக்கும். ஒவ்வொரு வண்டியும் ஒரு சாய்கோடு. வண்டி விரைந்தால் கோடு செங்குத்தாய் எழும். நின்றால் கிடையாய்ப் படுக்கும். இரு கோடுகள் வெட்டுமிடத்தில் இரு வண்டிகள் சந்திக்கும். இப்போது இதனைக் கணிப்பொறித் திரையில் வரைகின்றனர், கோடு மாறவில்லை. சாய்வே வேகம் என்பதனைக் கல்லாத கட்டுப்பாட்டாளரும் கண்ணாற் காண்பார்.

மகள் கேட்டாள்: “நிலையத்திலிருந்து புறப்படும் வண்டி சிறிது சிறிதாகத்தானே வேகம் பிடிக்கும்? அங்கே கோடு வளையுமே. வளைந்த கோட்டுக்குச் சாய்வு ஏது?”

இக்கேள்வியில் நுண்கணிதம் முழுவதும் அடங்கியிருக்கிறது. பாலிகஞ்ச் நிலையத்திலிருந்து புறப்படும் மின்தொடர் வண்டி ஒவ்வொரு நொடியும் நொடிக்கு அரை மீட்டர் வேகம் கூட்டுவதாகக் கொள்வோம். கடந்த தொலைவு நேரத்தின் வர்க்கத்தில் நான்கில் ஒரு பங்கு. பத்தாம் நொடியில் 25 மீட்டர். பதினோராம் நொடியில் 30.25 மீட்டர். அந்த ஒரு நொடியின் சராசரி வேகம் 5.25. இடைவெளியைப் பத்திலொரு நொடியாக்கினால் 5.025. நூற்றிலொரு நொடியாக்கினால் 5.0025. எண் எங்கே சென்று சேர்கிறதென்று கேட்பாரும் வேண்டுமோ? ஐந்து. அவ்வைந்தே அக்கணத்தின் வேகம், அதுவே வகைக்கெழு. இதனை வாய்பாட்டாற் செய்தால் ஒரு வரி. கையாற் செய்ததனால் ஒரு மாலை சென்றது. அந்த மாலைக்குப் பின் பரணிலிருந்து ஒரு புத்தகம் இறங்கிற்று.

அடுத்தது தேநீர். ஆறிக்கொண்டிருக்கும் தேநீரின் வெப்பம் குறையும் வீதம், அதற்கும் அறைக்கும் உள்ள வெப்ப வேறுபாட்டைப் பொறுத்தது என்பது நியூட்டன் கண்ட விதி. அளந்து பார்க்கக் காய்ச்சல் மானியைக் கொணர்ந்த எம் இல்லக்கிழத்தியாரைத் தக்க நேரத்தில் தடுத்தோம். ஆய்வுக்கூட வெப்பமானி ஒன்று வாங்கினோம். வேறுபாடு 40 பாகையிலிருந்து 20 ஆக எவ்வளவு நேரம் ஆகிறதோ, ஏறக்குறைய அவ்வளவு நேரமே 20 பாகை 10 ஆவதற்கும் ஆகவேண்டும். தொடக்கத்தில் ஆவி பறப்பதனால் கணக்குச் சற்றுப் பிசகியது, பின்னர் நேர்பட்டது. வகைக்கெழுச் சமன்பாடென்று அஞ்சிய பொருள் கிண்ணத்தில் ஆறிக்கொண்டிருந்தது! கதிரியக்கப் பொருள் சிதைவதும், மின்தேக்கி மின்னிறக்கம் அடைவதும் இதே சமன்பாடுதான். ஒன்றைக் கற்றால் மூன்று பாடம் திறக்கும்.

பிறகுதான் அவளை அழவைத்த அலைவுச் சமன்பாட்டுக்கு வந்தோம். சுருள்வில்லை இழுத்தால், இழுத்த அளவுக்கு அது எதிர்த்திசையில் மீட்கும். இருமுறை வகையிட்டால் தானே எதிர்க்குறியோடு திரும்பிவரும் சார்பு எது? பள்ளியிற் கற்ற சைன், கொசைன். இவ்விடம் வரை யாம் அவளோடு வந்தோம். கலப்பெண்கள் வந்தன, எமக்கு மூச்சு வாங்கிற்று. மைனஸ் ஒன்றின் வர்க்கமூலத்தால் பெருக்குவது ஒரு செங்கோணம் திருப்புவதே என்று, அப்போது அவள்தான் எமக்குத் தாளைத் திருப்பித் திருப்பிக் காட்டினாள். அன்று யாம் அடைந்த மகிழ்ச்சி, பதவி உயர்வு ஆணை வந்த நாளிலும் அடைந்திலோம்.

மாணவச் செல்வங்களே! இயற்கணிதமும் முக்கோணவியலும் கை தடுமாறாமல் வரவேண்டும். அதில் தடுமாறுவோரே நுண்கணிதத்தைப் பழிக்கின்றனர். பின்னர் வகையிடலும் தொகையிடலும், தொடர்களும், கலப்பெண்ணும், வெக்டரும், வகைக்கெழுச் சமன்பாடும். அணிகளும், பகுதி வகைக்கெழுவும், பூரியே தொடரும் அடுத்த ஆண்டில் வந்து கதவைத் தட்டும். அப்போது எழுந்தாற் போதும். எல்லாவற்றையும் கற்றுவிட்டுத்தான் இயற்பியலைத் தொடுவேன் என்று காத்திருப்பவர் காத்தே இருப்பார். தீர்த்த கணக்கைப் படித்துப் புரிந்ததென்று எண்ணுவதும் வேண்டா. நூலை மூடி, வெற்றுத் தாளில் மீண்டும் செய்க. முட்டும் இடமே நீங்கள் கற்கவேண்டிய இடம்.

முதற் பருவத் தேர்வில் எம் மகள் முதன்மை பெற்றாளல்லள்; நடுத்தர மதிப்பெண்ணே. ஆயினும் பாடம் மாறவில்லை. ஞாயிறு மாலைகளில் அண்டை வீட்டுப் பிள்ளைகள் நால்வர் எம் வீட்டுக் கூடத்திற்கு வருகின்றனர், அவளே கற்பிக்கிறாள். கூடமோ சிறியது, சுவரில் சுண்ணக்கட்டியால் எழுதியதனால் வீட்டுக்காரர் முகம் சுளிக்கிறார். நம் சங்க அறை ஞாயிறு நான்கு மணி முதல் ஆறு மணி வரை வாளா கிடப்பதனை யாம் அறிவோம். அதனைத் திறந்துவிடவும், நல்ல கரும்பலகை ஒன்று வாங்கவும் செயற்குழு இசைந்தருள வேண்டுகிறோம். பொருளாளர் அவர்கள் இப்போதே கணக்கேட்டைப் புரட்டுவது தெரிகிறது. சுண்ணக்கட்டிச் செலவை யாம் ஏற்றுக்கொள்ளுகிறோம்.