ஊர்வலமும் படச்சுருளும்
(புனே நகரில் சங்க ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



விழா என்றால் ஊர்வலம் உண்டு. ஊர்வலம் என்றால் அதைப் படம் பிடிப்போரும் உண்டு. இவ்வழக்கத்தின் தொடக்க நாட்களைச் சேர்ந்த சில படச்சுருள்களைப் பற்றி இங்கே பேச விழைகின்றேன்.

1895 டிசம்பர் 28ஆம் நாள் லூமியேர் சகோதரர் பாரிஸ் நகரில் கட்டணம் பெற்றுப் படம் காட்டினர். அதற்கு ஒன்றரை ஆண்டுக்குப் பின், 1897 ஜூன் 22ஆம் நாள், விக்டோரியா அரசியார் அரியணை ஏறி ஆண்ட அறுபது ஆண்டு நிறைவை இலண்டன் மாநகர் கொண்டாடியது. ராபர்ட் பால் முதலிய பலர் வீதியோரங்களில் படக்கருவிகளுடன் காத்திருந்தனர். கனடா, ஆஸ்திரேலியா, ஆப்பிரிக்கா எனப் பல நாட்டுப் படையினர் அணிவகுத்தனர். தலைப்பாகை அணிந்த நம் நாட்டுக் குதிரை வீரரும் சென்றனர். மூட்டுவலியால் படியேற இயலாத அரசியார் வண்டியிலேயே அமர்ந்திருக்க, செயின்ட் பால் பேராலயத்தின் வாயிலிலேயே வழிபாடு நடந்தது.

அன்றைய சுருள்கள் ஏறத்தாழ ஒரு நிமிடமே ஓடுபவை, ஒலி இல்லாதவை. அவற்றுள் சில இன்றும் காக்கப்பட்டுள்ளன. அவற்றில் குதிரைகள் கடக்கின்றன, கூட்டம் கையசைக்கின்றது. குதிரை மேல் செல்லும் வீரன் எவ்வூரான், அவன் பெயர் யாது என்பதைப் படம் சொல்வதில்லை.

அதே நாள் இரவில், நாம் வாழும் இந்நகரின் கணேஷ்கிண்ட் ஆளுநர் மாளிகையிலும் அரசியாரின் விழா நடந்தது. இன்று பல்கலைக்கழகம் விளங்கும் இடம் அதுவே. நாட்டில் பஞ்சம், ஊரில் பிளேக். நோய்த் தடுப்பின் பெயரால் வீடுகளுள் புகுந்து நடத்திய சோதனைகளால் மக்கள் மனம் புண்பட்டிருந்தனர். விழாவிலிருந்து திரும்பிய பிளேக் அதிகாரி ராண்டும், உடன் வந்த அயர்ஸ்டும் சாபேகர் சகோதரரால் சுடப்பட்டு மாண்டனர். தாமோதர் சாபேகர் 1898இல் தூக்கிலிடப்பட்டார். இலண்டன் வீதியின் களிப்பைப் பதிந்த சுருள்களில் இந்நகரின் துயரத்துக்கு இடமில்லை.

ஆகவே, பழைய படத்தைக் காணும்போது கண்ணுக்குத் தெரிவதை வியப்போம், தெரியாததையும் கேட்டறிவோம்.

நம் இளைஞர்க்கு ஒரு வேண்டுகோள். இன்று நம் குழந்தைகள் கோலாட்டம் ஆடி வந்ததைப் படம் எடுத்தீர்கள். அப்படங்களுடன் அவர்களின் பெயரையும், பெற்றோரின் ஊரையும், இவ்வாண்டையும் எழுதி வையுங்கள். பந்தலின் பின்னே சமைத்து நின்றோரையும் விட்டுவிடாதீர்கள். ஐம்பது ஆண்டு கழித்துக் காண்போர்க்கு நாம் பெயரற்ற கூட்டமாகிவிடலாகாது.