உயிர்த்துணை என்பது யாது?

(ஜமாஅத்தின் ஆண்டுக் கூட்டத்தில் நிகழ்த்தப்பட்ட உரையின் எழுத்து வடிவம்)

 

உயிர்த்துணை என்னும் சொல்லை இன்றைய இளைஞர்கள் பெரிதும் விரும்புகின்றனர். தமக்கென்றே படைக்கப்பட்ட ஒருவர் எங்கோ இருக்கிறார், அவரைக் கண்ட மாத்திரத்தில் உள்ளம் அறிந்துகொள்ளும், அவரோடு வாழும் வாழ்வில் பிணக்கே எழாது என்பது அவர்களது எதிர்பார்ப்பு. பெரியவர்களாகிய நம்மில் பலரோ, "இதெல்லாம் சினிமாப் பேச்சு, குடும்பமும் வசதியும் பொருந்தினால் போதும்" என்று ஒதுக்கிவிடுகிறோம். இரு சாராரும் தத்தம் கருத்தில் நிற்க, நிக்காஹ் முடிந்த சில மாதங்களிலேயே "இவர் எனக்குரியவர் அல்லர்" என்னும் சொல் வீடுகளில் ஒலிக்கத் தொடங்கிவிடுகிறது. ஆகவே, இது நாம் அமர்ந்து சிந்திக்க வேண்டிய பொருளாகும்.

இதைப் பற்றி ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே ஒரு மார்க்க அறிஞர் தனி நூல் எழுதியிருக்கிறார் என்றால் நம்மில் சிலர் வியப்படையலாம். அவர்தாம் ஸ்பெயின் நாட்டுக் குர்துபா நகரில் 994ஆம் ஆண்டு பிறந்து 1064இல் மறைந்த இமாம் இப்னு ஹஸ்ம் (ரஹ்) அவர்கள். 'அல் முஹல்லா' என்னும் பெரும் சட்ட நூலை யாத்த அதே அறிஞர், ஏறத்தாழ 1022ஆம் ஆண்டில், உள்நாட்டுப் போரால் குர்துபாவைப் பிரிந்து ஷாத்திபா நகரில் வாழ்ந்தபோது, நண்பர் ஒருவரின் வேண்டுகோளுக்கு இணங்கி 'தவ்குல் ஹமாமா' என்னும் நூலை எழுதினார். புறாவின் கழுத்து வளையம் என்பது அதன் பொருள். முப்பது அத்தியாயங்கள் கொண்ட அந்நூலின் ஒரே ஒரு பழைய கையெழுத்துப் பிரதிதான் எஞ்சியது. ஹாலந்து நாட்டு லெய்டன் நகரில் பாதுகாக்கப்பட்ட அப்பிரதியைக் கொண்டு 1914ஆம் ஆண்டில்தான் அது அச்சேறியது.

காதல் என்பது யாது என்னும் வினாவை இமாமவர்கள் முதலில் எடுத்துக்கொள்கிறார். அழகுதான் காரணம் என்றால் அழகு குறைந்தோரை எவரும் நேசிக்க மாட்டார். குண ஒற்றுமைதான் காரணம் என்றால் தம் இயல்புக்கு மாறானவரை எவரும் நேசிக்க மாட்டார். உலகிலோ இரண்டும் நடக்கின்றன. எனவே அது உயிரின் உள்ளே உள்ள ஓர் உறவு என்பது அவர் முடிவு. மனிதரை ஓர் ஆன்மாவிலிருந்து படைத்து, அதிலிருந்தே அதன் துணையையும் ஆக்கியதைக் கூறும் சூரத்துல் அஃராஃபின் 189ஆம் வசனத்தை அவர் சான்றாகக் காட்டுகிறார். துணையிடம் மனம் அமைதி பெறுவதற்கு அங்கே அழகு காரணமாகக் கூறப்படவில்லை, தன்னிலிருந்தே வந்தவள் என்னும் உறவே காரணம் என்பது அவர் வாதம். ஆக, உயிர்த்துணை என்னும் எண்ணத்தை முற்றிலும் சினிமாப் பேச்சு என்று நாம் தள்ளிவிட இயலாது.

அப்படியானால் அவ்வுறவு உடனே ஏன் வெளிப்படுவதில்லை? இதற்கு அவர் கல்லில் உறங்கும் நெருப்பை உவமையாகக் கூறுகிறார். சிக்கிமுக்கிக் கல்லில் நெருப்பு மறைந்திருக்கிறது. ஆனால் தட்டினாலன்றி அது வெளிப்படுவதில்லை. அவ்வாறே உயிர்களின் உறவும் உடலின் இயல்புகளாலும் உலகக் கவலைகளாலும் மூடப்பட்டுக் கிடக்கிறது.

இளைஞர்கள் கவனிக்க வேண்டிய இடம் அடுத்து வருகிறது. ஒரே பார்வையில் காதல் கொண்டதாகக் கூறுவோரைப் பற்றித் தனி அத்தியாயம் எழுதிய இமாமவர்கள், அக்கூற்றைத் தாம் நம்புவது அரிது என்றும், அது பெரும்பாலும் இச்சையே என்றும் கூறுகிறார். தம் உள்ளத்தில் எந்த அன்பும் நீண்ட காலப் பழக்கத்திற்குப் பிறகே, இன்பத்திலும் விளையாட்டிலும் பொறுப்பிலும் கூடி வாழ்ந்த பிறகே வேரூன்றியது என்றும் எழுதுகிறார். விரைந்து வளர்வது விரைந்து அழியும் என்பது அவர் கண்ட அனுபவம். இவர் எனக்குரியவர்தாமா என்பதை முதல் சில மாதங்களில் தீர்ப்பளிக்க முயல்வோர், கல்லைத் தட்டிப் பாராமலே அதில் நெருப்பில்லை என்று எறிந்துவிடுவோருக்கு ஒப்பாவர்.

ஆனால், உறவு உள்ளே இருந்தும் அது வெளிப்படாமல் ஆண்டுகள் கழிந்துவிடுவதும் உண்டு. மரணத்தைப் பற்றிய அத்தியாயத்தில் இமாமவர்கள் தம் சொந்தச் சகோதரர் அபூபக்ர் என்பாரின் இல்வாழ்வைப் பதிவு செய்துள்ளார். அபூபக்ரின் மனைவி ஆத்திகா, வட எல்லைப் பகுதியின் தளபதியாக இருந்தவரின் மகள். அழகிலும் குணத்திலும் ஒப்பற்றவர் என்று இமாமவர்களே புகழ்கிறார். அக்கால வழக்கப்படி இளம் பருவத்திலேயே மணந்த இருவரும் பொருளற்ற ஒரு சொல்லுக்கும் கோபம் கொண்டனர். பிணக்கும் குறைகூறலுமாக எட்டு ஆண்டுகள் கழிந்தன. ஹிஜ்ரி 401 (கி.பி. 1011) துல்கஃதா மாதம் குர்துபாவில் பரவிய கொள்ளை நோயில், 22 வயதில், அபூபக்ர் மறைந்தார்.

அதன் பிறகுதான் ஆத்திகாவின் உள்ளம் வெளிப்பட்டது. கணவர் மறைந்த நாள் முதல் உள்ளூர உருகி நோயுற்றார். தம் கணவரை வேறொரு பெண் இனி அடைய முடியாது என்னும் எண்ணம் ஒன்றே தம் உயிரைத் தாங்குகிறது என்றும், அவரைச் சென்று சேர்வதே தம் பெரும் ஆவல் என்றும் அவர் கூறியதை அவருடைய தாயார் இமாமவர்களிடம் தெரிவித்தார். கணவர் மண்ணுக்குள் சென்று ஓராண்டு நிறைவடைந்த அதே நாளில் ஆத்திகாவும் உயிர் நீத்தார். அபூபக்ரும் தம் வாழ்நாளில் வேறு பெண்ணை நாடியவர் அல்லர்.

அன்பர்களே, இவ்விருவரும் உயிர்த்துணைகள் அல்லர் என்று யார் கூற முடியும்? ஆனால் அந்த எட்டு ஆண்டுகளில் அவர்கள் வீட்டின் அருகே நாம் குடியிருந்திருந்தால், பொருந்தாத திருமணம் என்றே பேசியிருப்போம். பிணக்கு இருப்பதால் அன்பு இல்லை என்று ஆகாது. அதே சமயம், அன்பு உள்ளே இருப்பதால் மட்டும் வாழ்வு இனிதாகிவிடுவதும் இல்லை. சொல்லப்படாத அன்பு, கல்லுக்குள் இருக்கும் நெருப்பைப் போல ஒருவருக்கும் குளிர் போக்குவதில்லை.

சூரத்துர் ரூமின் 21ஆம் வசனம் இல்லறத்தின் கொடைகளாக மன அமைதியையும், அன்பையும், கருணையையும் குறிப்பிடுகிறது. அன்பும் கருணையும் கணவரிடமோ மனைவியிடமோ தனியே வைக்கப்பட்டதாகக் கூறப்படவில்லை. இருவருக்கும் இடையே வைக்கப்பட்டதாகவே கூறப்படுகிறது. எனவே அதைப் பேணும் கடமையும் இருவருக்கும் உரியது.

இங்கே ஒரு எச்சரிக்கையும் தேவை. நாம் கூறுவது சிறு சொற்களால் எழும் பிணக்கைப் பற்றி மட்டுமே. அடிப்பதும் இழிவுபடுத்துவதும் பிணக்கு அல்ல, அநீதி. அதைப் பொறுத்துக்கொள் என்று எந்தப் பெண்ணுக்கும் உபதேசிக்கும் உரிமை நமக்கில்லை. அவளது முறையீட்டைக் கேட்டு நீதி செய்வது ஜமாஅத்தின் பொறுப்பு.

மணமுடிக்க இருக்கும் இளைஞர்களே, குறையற்ற ஒருவரைத் தேடி அலைய வேண்டாம். உங்களோடு சேர்ந்து முதிரக் கூடியவரைத் தேடுங்கள். பெற்றோர்களே, மஹரும் மண்டபமும் முடிவாகுமுன் பிள்ளைகளின் மனச் சம்மதத்தை மெய்யாகவே கேட்டறியுங்கள். மணமாகி ஆண்டுகள் பல கடந்தவர்களே, உங்கள் துணையைப் பற்றி உங்கள் உள்ளத்தில் உள்ள நல்ல சொல்லை இன்று வீடு திரும்பியதும் கூறிவிடுங்கள். கபுருஸ்தானில் நின்று கூறும் சொல் அவர் செவியை எட்டிப் பதில் பெற்று வரப்போவதில்லை.

நம் இல்லங்களில் அன்பையும் கருணையையும் வல்ல இறைவன் நிலைபெறச் செய்வானாக! ஆமீன். வஸ்ஸலாம்.