வழக்கும் வேரும் – விட்கென்சுடைனும் அவர்தம் உரையாசிரியர்களும்

(ஓசூரில் தமிழன்பர் கூட்டமொன்றில் ஆற்றிய பொழிவின் எழுத்து வடிவம்)



சென்ற முறை நாம் இங்குக் கூடிக் கலைந்தபொழுது, தொழிற்சாலையொன்றில் பொறிஞராய் உள்ள இளைஞர் ஒருவர் என்னைத் தனியே நிறுத்தி வினவினார்: “ஐயா, சொல்லின் பொருள் அதன் வழக்கே என மேலைநாட்டு மெய்ப்பொருளறிஞர் விட்கென்சுடைன் காட்டிவிட்டார் என்கின்றனரே! எங்கள் பணிமனையில் வழங்குவது ‘சிப்டு’. வழக்கில் உள்ளதே மொழியாயின், அதனைப் ‘பணிமுறை’ என்று திருத்த நீங்கள் யார்?”

அவ்வினா எள்ளலன்று, படித்தவர் நெஞ்சில் உண்மையாய் எழுந்த ஐயம். அதற்குச் சினந்து விடைகூறுதல் அறிவுடைமையாகாது. தனித்தமிழ் நெறி உண்மையாயின், எந்த அறிஞனின் உரைகல்லிலும் அதனை உரைத்துப் பார்க்க நாம் அஞ்ச வேண்டுவதில்லை. ஆகவே இன்றைய பொழிவு அவ்விளைஞர்க்கு உரியது.

முதற்கண் அவ்வறிஞர் யாரென அறிவோம். இலுட்விக் விட்கென்சுடைன் 1889-இல் வியன்னாவில் பெருஞ்செல்வர் குடியில் பிறந்தவர். 1951-இல் கேம்பிரிட்சில் மறைந்தவர். 1921-இல் செருமன் மொழியில் வெளிவந்த முதல் நூலில், மொழியை உலகின் படம் எனக் கண்டார். பிற்றைநாளில் அக்கருத்தைத் தாமே மறுத்தெழுதினார். அப் பின்னை நூலான ‘மெய்ப்பொருளாய்வுகள்’ அவர் மறைந்தபின், 1953-இல், மாணவி எலிசபெத்து ஆன்சுகோமின் ஆங்கில மொழிபெயர்ப்போடு வெளிப்பட்டது. இவ்விரு நூல்களுக்கும் இடையில், 1920 முதல் 1926 வரை, ஆசுதிரியாவின் மலையூர்ப் பள்ளிகளில் சிறார்க்கு எழுத்தறிவித்தார் என்பதைப் பலர் அறியார். அச் சிறார்களைக் கொண்டே சொற்பட்டி தொகுப்பித்து, அவர்கள் நாவில் வழங்கிய சொற்களையும் சேர்த்து, 1926-இல் பள்ளி அகரமுதலி ஒன்றை அச்சிட்டார். அவர் வாழ்நாளில் அச்சேறிய நூல்கள் இரண்டே. அவற்றுள் ஒன்று சிற்றூர்ச் சிறார்க்கான அகரமுதலி! இதனை நெஞ்சில் இருத்துங்கள்; இறுதியில் மீண்டும் வருவேன்.

நம் தொல்காப்பியச் சொல்லதிகாரத்திற்கு இளம்பூரணர், சேனாவரையர், நச்சினார்க்கினியர், தெய்வச்சிலையார், கல்லாடர் என உரைகண்டோர் பலர். நூல் ஒன்று, உரை பல. ஓருரையை மட்டும் படித்துவிட்டு, “தொல்காப்பியர் கூறினார்” என்பது தவறன்றோ? விட்கென்சுடைன் நிலையும் அதுவே. அவர் எண்ணிட்ட சிறு சிறு பத்திகளாக எழுதிச் சென்றார். முடிபுகளை அடுக்கித் தரவில்லை. ஆதலின் உரையாசிரியர்கள் பல்கினர், பூசலும் பல்கிற்று.

அவர் காட்டும் எடுத்துக்காட்டு ஒன்று உங்கட்குக் கைவந்தது. ஒரு கட்டுநனும் அவன் உதவியாளனும் நான்கே சொற்கள் கொண்ட மொழி பேசுகின்றனர்: கட்டி, தூண், பலகை, விட்டம். கட்டுநன் ஒரு சொல்லை விளித்தவுடன் உதவியாளன் அப்பொருளைக் கொணர்கின்றான். அங்கே சொல்லின் உயிர் எங்குளது? விளக்கவுரையில் அன்று, விளிப்பும் கொணர்வுமாகிய செயலில் உளது. இதனையே அவர் மொழி விளையாட்டு என்றார். கடைசற்பொறியின் முன் நிற்கும் உங்கட்கு இதனை நான் விரித்துரைக்கவும் வேண்டுமோ?

இனி உரைகளைப் பார்ப்போம். முதல் உரை: “வழக்கில் உள்ளதெல்லாம் சரியே, மாற்ற முனைவது பேதைமை.” விட்கென்சுடைனையும் அவர் வழிவந்தோரையும் இவ்வாறு பொருள்கொண்டு கடுமையாய்த் தாக்கியவர் எர்னசுடு கெல்னர். 1959-இல் அவர் எழுதிய ‘சொற்களும் பொருள்களும்’ என்னும் நூலுக்கு, விட்கென்சுடைனின் ஆசிரியராய் இருந்த பெர்ட்ரண்டு இரசலே முன்னுரை தந்தார். நடப்பு வழக்கை அளவுகோலாக்குவது நடப்பு உலகை அப்படியே காப்பதாய் முடியும் என்பது கெல்னரின் குற்றச்சாட்டு. நம் இளைஞரின் வினாவும் இவ்வுரையின் மேல் எழுந்ததே.

ஆனால் மூலத்தைத் திறந்து பார்த்தால் மூன்று உண்மைகள் புலனாகின்றன. ஒன்று, பொருள் என்பது வழக்கே என்னுமிடத்து, பெரும்பாலான இடங்களுக்கே அது பொருந்தும், எல்லாவிடத்தும் அன்று என அவரே வரம்பிடுகின்றார். மேற்கோள் காட்டுவோர் அவ்வரம்பை நழுவவிடுகின்றனர். இரண்டு, மொழி வழக்கில் மெய்ப்பொருளாய்வு தலையிடாது என்று அவர் கூறுவது உண்மையே. எனினும், நடைமுறைத் தேவைக்காகவும் பிறழவுணர்தலைத் தடுத்தற்காகவும் கலைச்சொற்களைச் சீர்திருத்துதல் முற்றிலும் இயலும் என்றும், அது தம் வேலையன்று என்றும் தெளிவாய்ப் பிரிக்கின்றார். ‘என் வேலையன்று’ என்பது வேறு. ‘செய்யற்க’ என்பது வேறு. மூன்று, மொழியை ஒரு பழம்பேரூர்க்கு ஒப்பிடுகின்றார்: நடுவே வளைந்து நெளிந்த பழந்தெருக்கள், சூழவும் நேர்கோடிட்ட புதுத் தெருக்கள். அறிவியற் குறியீடுகள் அவ்வாறு பின்னர்ச் சேர்ந்த புறநகர்கள் என்கின்றார். தேர்ப்பேட்டையின் பழந்தெருக்களையும் சிப்காட்டின் நேர்சாலைகளையும் ஒருங்கே காணும் ஓசூரார்க்கு இவ்வுவமை எளிதில் விளங்கும். புதுத்தெரு அமைத்தல் ஊரைக் கெடுத்தலாகாது, ஊரை வளர்த்தலே. புதுச்சொல் ஆக்கமும் அத்தகையதே.

இரண்டாவது பூசல் இன்னும் ஆழமானது. 1982-இல் அமெரிக்கப் பேரறிஞர் சால் கிரிப்கி ஒரு நூல் எழுதினார். ஐம்பத்தேழினும் பெரிய எண்ணை இதுவரை கூட்டியறியாத ஒருவன் 68-ஐயும் 57-ஐயும் கூட்டுகின்றான் எனக் கொள்வோம். விடை 125 என்பதற்கு மாறாக 5 என்று ஒருவன் அடம்பிடித்தால், ‘கூட்டல்’ என்னும் சொல்லால் நாம் இதுகாறும் குறித்தது எதுவென எதனைக் காட்டி மறுப்பது? தனி மாந்தன் மனத்துள் தேடினால் விடையில்லை. குமுகாயத்தின் ஒப்புதலே விடை என்பதே விட்கென்சுடைனின் கருத்தெனக் கிரிப்கி உரை கண்டார். ஈராண்டிற்குள், 1984-இல், கார்டன் பேக்கரும் பீட்டர் ஆக்கரும் எழுந்து அதனை மறுத்தனர். ஒரு நெறிக்கும் அதனைப் பின்பற்றும் செயலுக்கும் உள்ள உறவு அந்நெறியிலேயே அடங்கியது. தலைகளை எண்ணிச் சரி தவறு காண்பதன்று. பெரும்பான்மையரும் பிழைபடலாம் என்பது அவர்தம் உரை.

இதனால் நமக்கென்ன எனின், கிரிப்கியின் உரையைக் கொண்டால், வழக்கு என்பது குமுகாயத்தின் உடைமை. குமுகாயம் ஒப்பினால் அது மாறும். பேக்கர், ஆக்கர் உரையைக் கொண்டால், பலர் சொல்வதாலேயே ஒன்று சரியாகிவிடாது. எவ்வுரையைக் கொள்ளினும், ‘இன்று வழங்குகின்றது, ஆகவே என்றும் மாற்றற்க’ என்னும் முடிபு பிறவாது.

வரலாறும் இதற்குச் சான்று. 1916-இல் மறைமலையடிகள் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கிய காலத்தில் ‘அபேட்சகர்’ என்பதும், ‘அக்கிராசனர்’ என்பதும், ‘நமசுகாரம்’ என்பதும் அன்றைய வழக்கு. இன்று வேட்பாளர், தலைவர், வணக்கம் என்பன வழக்கு. மாந்தர் விரும்பினர், எழுதினர், பேசினர், வழக்கு மாறிற்று.

உடன்பிறப்புகளே, இனி நமக்குக் கசக்கும் ஓருண்மையையும் கூறியாக வேண்டும். அதனை மறைத்தால் அவ்விளைஞர்க்கு நேர்மையாய் விடையிறுத்தவன் ஆகேன். ஒரு சொல்லின் வேர் தூயதாய் இருப்பதொன்றே அதற்கு உயிர் தாராது. வழங்கப்படாத குறி பிணம். வழக்கிலேதான் அது உயிர்க்கின்றது என்பது விட்கென்சுடைனின் உறுதியான கருத்து. வேராய்வு சொல்லின் வரலாற்றைக் காட்டும்; புதுச்சொல் படைக்க வழிகாட்டும்; ஆனால் இன்றைய பொருளை அதுவே வரையறுத்துவிடாது. கலைச்சொற் பட்டியல்களை அச்சிட்டு அடுக்கி வைத்துவிட்டுத் தமிழை வாழ்வித்துவிட்டோம் என்று நாம் மகிழ்ந்தோமாயின், நாம் செய்தது பிணத்திற்கு அணி பூட்டியதே ஆகும்.

அதே வேளையில், அவர் பேசாத ஒன்றை நாம் பேச வேண்டும். வழக்கு என்பது வானத்திலிருந்து வீழ்வதன்று. பணிமனையில் எச்சொல் வழங்கும் என்பதை ஆணையிடுவோர் மொழியும், பொறியோடு வரும் கையேட்டின் மொழியும் முடிவு செய்கின்றன. எண்ணிப் பாருங்கள்: இடர் குறிக்கும் அறிவிப்புப் பலகையும் ஒரு மொழி விளையாட்டே. படிப்பவன் கையை விலக்கிக் கொண்டால்தான் அச்சொல்லுக்குப் பொருளுண்டு. தெரியாத மொழியில் எழுதிய எச்சரிக்கை வெறுங்கோடு. அதன் விலை ஒரு தொழிலாளியின் விரல். அதனாலன்றோ 1948-ஆம் ஆண்டின் தொழிற்சாலைச் சட்டம், அச் சட்டப்படி வைக்கவேண்டிய அறிவிப்புகள் ஆங்கிலத்தோடு, தொழிலாளருள் பெரும்பான்மையர்க்கு விளங்கும் மொழியிலும் இருத்தல் வேண்டும் என்று விதித்தது! மொழியுரிமை வெறும் புலவர் பூசலன்று, அது உயிர்க்காப்பு.

இவ்வெல்லையூரில் தெலுங்கும் கன்னடமும் உருதும் வீட்டுமொழியாய்ப் பேசுவோர் பலர். அவர்தம் நாவின் மொழி நமக்குப் பகையன்று. மலையூர்ச் சிறாரின் சொல்லை அவ்வறிஞர் போற்றியதுபோல் நாமும் போற்றுவோம். நாம் கேட்பது தமிழ் நிலத்துத் தொழிலில் தமிழுக்குரிய இடம்.

ஆகவே அவ்விளைஞர்க்கு என் விடை இது: தம்பி, வழக்கை மாற்ற நாங்கள் யார் என்று வினவினீர். வழக்கை ஆக்குவோர் நாமே; நீரும் அவருள் ஒருவர். கடைசல், வார்ப்பு, பற்றவைப்பு, திருகாணி, மரை என உங்கள் பட்டறைகளில் இன்றும் உயிரோடு உலவும் தமிழ்ச்சொற்கள் எத்தனை! அடுத்த கூட்டத்திற்கு வருங்கால் ஒவ்வொருவரும் தத்தம் பணியிடத்தில் காதாற் கேட்ட பத்துச் சொற்களை எழுதிக் கொணருங்கள். அம் மலையூர்ப் பள்ளியிற் சிறார் தொகுத்ததுபோல், ஓசூர்த் தொழிலாளர் தொகுத்த அகரமுதலி ஒன்று நம் கையால் உருவாகட்டும். இல்லாத சொற்கு மட்டும் புதுச்சொல் படைப்போம். படைத்ததை மறுநாள் காலையே பணிமனையில் பேசுவோம். ஏட்டில் உறங்கும் தமிழன்று, எந்திரத்தின் முன் நின்று பேசும் தமிழே வாழுந் தமிழ்!

வெல்க தமிழ்!