திரைக்கு வராத வள்ளி



காட்பாடியிலிருந்து மேல்பாடிப் பக்கம் போனால் வள்ளிமலை. வேலூர், ஆம்பூர்க்காரர்களுக்கு நான் வழி சொல்ல வேண்டியதில்லை. கிருத்திகைக்கு மலையேறி வந்திருப்பீர்கள். வள்ளி தினைப்புனம் காத்த இடம் இதுதான் என்று வீட்டுப் பெரியவர்கள் கை காட்டியிருப்பார்கள். அந்த வள்ளியாக மேடையேறி, தமிழ்நாட்டையும் இலங்கையையும் விடிய விடிய உட்கார வைத்த ஒரு பெண்ணைப் பற்றி இன்றைக்குப் பேசப் போகிறேன்.

கே.பி. சுந்தராம்பாள். பெயரைச் சொன்னதும் கண்முன் வருவது யார்? நெற்றி நிறைய திருநீறு, வெள்ளைப் புடவை, ஔவைப் பாட்டி. எனக்கும் அப்படித்தான். ஆனால், அந்தப் பாட்டிக்கு முன்னால் ஒரு வள்ளி இருந்தாள். சினிமா அவளைப் பார்க்கவே இல்லை.

1908-இல் காவிரிக் கரையில் கொடுமுடியில் பிறந்தவர். வறுமையான வீடு. ரயிலில் பாடிக் காசு வாங்கிய சிறுமி. அந்தப் பாட்டைக் கேட்டவர்கள்தான் அவரை நாடகத்துக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தார்கள். வேலு நாயர் கம்பெனியில் 'நல்லதங்காள்' நாடகத்தில் பசியில் அழுகிற பிள்ளை வேடம். பசியை அவருக்கு யாரும் சொல்லிக் கொடுக்க வேண்டியிருந்திருக்காது.

அந்தக் காலத்து நாடகத்தைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். மைக் கிடையாது. கூட்டம் ஆயிரக்கணக்கில் உட்கார்ந்திருக்கும். கடைசி வரிசைத் தரை டிக்கெட்காரனுக்குக் கேட்கவில்லை என்றால் அவன் சும்மா இருக்க மாட்டான். 'ஸ்பெஷல் நாடகம்' என்றால் இன்னும் கஷ்டம். ராஜபார்ட் ஒரு ஊரிலிருந்து வருவார், ஸ்திரீபார்ட் வேறு ஊரிலிருந்து வருவார். ஒத்திகையே இருக்காது. சங்கரதாஸ் சுவாமிகள் எழுதிய 'வள்ளி திருமணம்' எல்லோருக்கும் மனப்பாடம் என்பதால் மேடையிலேயே சந்தித்துக்கொள்வார்கள். வள்ளி பரண்மேல் நின்று பறவை ஓட்டுவாள். வேடனாக முருகன் வருவான். பிறகு தர்க்கம் தொடங்கும். அவர் ஒரு பாட்டுப் பாட, இவர் அதை மடக்கிப் பதில் பாட, யார் முதலில் மூச்சு வாங்குகிறார் என்று ஊரே பார்த்துக்கொண்டிருக்கும். இதை நடிப்பு என்பதா, போட்டி என்பதா? இரண்டும்தான்.

அந்தக் களத்தில் 1926-இல் கொழும்பில் அவருக்கு எதிரே வந்து நின்றவர் செங்கோட்டை எஸ்.ஜி. கிட்டப்பா. இருவரும் ஜோடியாக நடித்தது 'வள்ளி திருமணம்'. கிட்டப்பாவோடு பாடி நிற்க முடியாது என்று சுந்தராம்பாளைப் பலர் பயமுறுத்தினார்களாம். மேடையில் நின்றது மட்டுமல்ல, அடுத்த ஆண்டு இருவரும் மணந்தும் கொண்டார்கள். கிட்டப்பா ஏற்கெனவே மணமானவர். அந்த வாழ்க்கையில் பிரிவும் மனஸ்தாபமும் இருந்தன. பிறந்த குழந்தையும் தங்கவில்லை. சுந்தராம்பாள் அவருக்கு எழுதிய கடிதங்கள் பின்னாளில் அச்சில் வந்திருக்கின்றன. மேடையில் தர்க்கத்தில் சளைக்காத வள்ளி, கடிதத்தில் எவ்வளவு தணிந்து பேசுகிறார் என்று படித்தால் மனது கனக்கும்.

1933 டிசம்பர் 2-ஆம் தேதி கிட்டப்பா இறந்தார். அவருக்கு வயது 27, சுந்தராம்பாளுக்கு 25. அன்று கட்டிய வெள்ளைப் புடவைதான் கடைசிவரை. எந்த ஆணுக்கும் ஜோடியாக இனி நடிப்பதில்லை என்றும் முடிவெடுத்தார்.

இங்கேதான் நான் சொல்ல வந்த விஷயம் இருக்கிறது. அமெரிக்காவில் 'தி ஜாஸ் சிங்கர்' வந்து சினிமா பேசத் தொடங்கியது 1927-இல். தமிழில் 'காளிதாஸ்' வந்தது 1931-இல். அதாவது, சினிமா பேசக் கற்றுக்கொண்டு கதவைத் தட்டிய நேரத்தில், காதலிக்கிற பெண்ணாக நடிப்பதை அவர் நிறுத்திவிட்டார். கிட்டப்பா ஒரு படத்திலும் நடிக்காமலே போய்விட்டார். தமிழ் மேடை கண்ட பெரிய ஜோடியின் ஒரு காட்சிகூடப் படச்சுருளில் இல்லை.

பிறகு அவர் ஏற்ற வேடங்களைப் பாருங்கள். 1935-இல் 'நந்தனார்'. ஒரு லட்சம் ரூபாய் சம்பளம் பேசி அழைத்தார்கள். அந்தக் காலத்தில் ஒரு லட்சம்! ஜோடி வேண்டாம் என்பவர் ஆண் வேடமே போட்டார். வேதியராக நடித்தவர் மகாராஜபுரம் விஸ்வநாதய்யர். அவர் நந்தனாரை வணங்குகிற காட்சியால் ஆசாரக்காரர்கள் கொதித்தார்கள். கல்கி தன் விமரிசனத்தில் பனைமரத்தையும் எருமையையும் பாராட்டி, மற்றவர்களைக் கேலி செய்தார். கல்கியின் குறும்பை ரசிக்கலாம். ஆனால், கடைசி வரிசைக்குப் பாடிப் பழகியவரைப் பக்கத்தில் வைத்த கேமரா எப்படிப் பார்ப்பது என்பது அன்று யாருக்கும் தெரியாது என்பதையும் சேர்த்துச் சொல்லத்தான் வேண்டும்.

1940-இல் 'மணிமேகலை', துறவி. 1953-இல் ஜெமினி எஸ்.எஸ். வாசனின் 'ஔவையார்', இளமையையே உதறியவள். 1964-இல் 'பூம்புகார்' படத்தில் கவுந்தியடிகள், சமணத் துறவி. நாத்திகரான கலைஞர் எழுத, முருக பக்தையான இவர் சமணராக நடித்தார். வள்ளிமலையிலும் முருகன் கோயிலோடு சமணச் சிற்பங்கள் இருப்பது உங்களுக்குத் தெரியும். மறு ஆண்டு 'திருவிளையாடல்', மறுபடி ஔவை. கோபித்துக்கொண்டு பழனிக்குப் போன முருகனைச் சமாதானப்படுத்த வருகிறார். மேடையில் யாரோடு தர்க்கம் செய்தாரோ, அதே முருகனோடு பாட்டி வயதில் மறுபடியும் தர்க்கம். இந்த முறை எதிரே சின்னப் பிள்ளை. எந்த ஊர்க் கோயில் திருவிழாவிலும் ஒலிபெருக்கியில் ஒலிப்பது இந்தக் குரல்தான்.

காங்கிரஸ் மேடைகளில் பாடிப் பிரசாரம் செய்ததும், 1951-இல் சென்னைச் சட்ட மேலவை உறுப்பினரானதும் தனியாகப் பேச வேண்டிய கதை. சினிமாவிலிருந்து சட்டமன்றத்துக்குள் போன முதல் கலைஞர் என்று இவரைத்தான் சொல்வார்கள். 'துணைவன்' படப் பாட்டுக்காக 1969-ஆம் ஆண்டுக்கான தேசிய விருது கிடைத்தது. சிறந்த பின்னணிப் பாடகி. அறுபதைத் தாண்டிய வயதில்! மறு ஆண்டு பத்மஸ்ரீ.

1973-இல் 'காரைக்கால் அம்மையார்'. ஏ.பி. நாகராஜன் படம். அழகு வேண்டாம், பேயுரு கொடு என்று சிவனிடம் கேட்டு வாங்கியவர் அம்மையார். இளம் புனிதவதியாக லட்சுமி, உருமாறிய பிறகு சுந்தராம்பாள். அம்மையார் தலையால் நடந்து போய்ச் சேர்ந்த திருவாலங்காடு, நீங்கள் ஆம்பூரிலிருந்து சென்னைக்கு ரயிலில் போகும்போது அரக்கோணம் தாண்டி வருகிற ஊர். இதைவிடப் பொருத்தமான வேடத்தை அவருக்கு யாரும் கொடுத்ததில்லை என்பது என் அபிப்பிராயம். ஔவையாரைச் சொல்கிறவர்கள் என்னோடு சண்டைக்கு வரலாம்.

1980-இல் காலமானார். வள்ளியாக அவர் எப்படி நடந்தார், பரண்மேல் எப்படி நின்றார் என்பதைப் பார்த்தவர்கள் இன்று அநேகமாக யாரும் இல்லை. குரல் மட்டும் இசைத்தட்டில் இருக்கிறது. டேனரியிலும் ஷூ கம்பெனியிலும் ஷிப்ட் முடிந்து வந்து ரேடியோ போட்டிருப்பவர்கள் இன்னும் மூன்று நிமிடம் இருங்கள். அவர் நாடகத்தில் இருந்த காலத்து இசைத்தட்டு ஒன்று இப்போது ஒலிக்கும். கீறல் சத்தம் கொஞ்சம் இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.